ஆறிய கொப்பரை

அத்தியாயம் 17

சென்ற வாரம் ஆம்ப்ரோஸ் வாட்லோவை ஒருவழியாக மண்ணுக்குள் இறக்கினோம்.

செத்தவரை அடக்கம் செய்ய இத்தனை பாடுபட்ட குடும்பம் மார்ஷ்கோட்டில் வேறு இருக்காது. 1963-ஆம் வருடத்துக் குளிரில் நிலம் பாறையாக இறுகிக் கிடந்தது. குழி வெட்டப் போனவர்களின் கடப்பாரை முனை மழுங்கியதே தவிர ஒரு சாண்கூட இறங்கவில்லை. சவப்பெட்டி தேவாலயத்தின் பக்க அறையில் மூன்று வாரம் காத்திருந்தது. கடைசியில் தரையின் மேல் கரியைக் கொட்டித் தீ மூட்டி, மண்ணை இளக்கிய பிறகுதான் பெரியவருக்கு இடம் கிடைத்தது.

"உயிரோட இருந்தப்பவே எதுக்கும் அவசரப்படாத மனுஷன்" என்று பப்பில் யாரோ சொன்னார்கள். அதற்கு மேல் ஊர் எதுவும் சொல்லவில்லை. குடிப்பது அவர் வீட்டு பீர் என்பதால் இருக்கலாம்.

ஆனால் அந்த மூன்று வாரமும் வாட்லோ பீர் ஆலையில் அடுப்பு எரியவில்லை. இந்த வாரத்து வில்லங்கம் அங்கேதான் தொடங்குகிறது.

அது அந்தக் குடும்பத்தின் வழக்கம். ஆலையின் முதலாளி கண்ணை மூடினால், அவரை அடக்கம் செய்யும்வரை பீர் காய்ச்சும் கொப்பரைக்கு அடியில் தீ கூடாது. ஆலையைத் தொடங்கிய ஜோசையா வாட்லோ செத்த அன்று அவர் மனைவி செய்த காரியம் இது. துக்கத்தில் செய்தாளா, விறகை மிச்சம் பிடிக்கச் செய்தாளா என்று கேட்க இன்று ஆள் இல்லை. நான்கு தலைமுறையாக வாட்லோ வீட்டார் இதை விடவில்லை என்று ஊரே நம்பியது.

ஆம்ப்ரோஸ் இதைச் சாப்பாட்டு மேசையில் சொல்லாத ஞாயிற்றுக்கிழமை கிடையாது. "எங்கப்பா செத்தப்ப நாலு நாள் கொப்பரை ஆறிக் கிடந்துச்சு. அதுதாம்மா மரியாதை" என்பார். எதிரே உட்கார்ந்து உருளைக்கிழங்கைப் பிசைந்துகொண்டிருந்த மகள் ஹெஸ்டர் ஏழு வயதிலிருந்து இதைக் கேட்டு வளர்ந்தவள்.

எனவே அப்பா போன அன்று காலை, அடுப்பிலிருந்த கரியை வெளியே இழுத்துப் போட்டு அணைத்தது அவளேதான். இப்போது அவளுக்கு முப்பத்தொன்பது வயது. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. யுத்தத்தின்போது ஆண்கள் எல்லாம் போய்விட்டதால் கொப்பரைப் பக்கம் வந்தவள், யுத்தம் முடிந்த பிறகும் திரும்பிப் போகவில்லை.

அன்று தம்பி ஜைல்ஸ் மட்டும் ஒரு வார்த்தை கேட்டான். "அக்கா, ஈஸ்ட் என்ன ஆகும்?"

"அப்பாவை விட உனக்கு ஈஸ்ட் பெருசா?" என்றாள் ஹெஸ்டர்.

அவன் அலுவலகத்துக்குப் போய்விட்டான்.

கேள்வி என்னவோ நியாயமான கேள்வி. தயிருக்கு உறைமோர் எப்படியோ, பீருக்கு ஈஸ்ட் அப்படி. நேற்றைய பீரில் பொங்கி மேலே வருவதை வழித்து எடுத்து, இன்று காய்ச்சி ஆறவைத்த தானியச் சாற்றில் விட வேண்டும். இன்றையது நாளைக்கு ஆகும். இப்படியே கை மாறி, கை மாறி அது உயிரோடு இருக்கிறது. நாலு நாள் ஓய்வைத் தாங்கும். நிலம் கல்லாகி, சவப்பெட்டி வாரக்கணக்கில் காத்திருக்கும் என்று ஜோசையாவின் மனைவி நினைத்துப் பார்த்திருக்க மாட்டாள்.

அடக்கம் முடிந்த மறுநாள், புதன்கிழமை விடியலிலேயே ஹெஸ்டர் கொப்பரைக்குத் தீ மூட்டினாள். மால்ட் என்கிற முளைகட்டிய பார்லியைச் சுடுநீரில் ஊறப்போட்டாள். கூடவே, ஒரு கண்ணாடிக் கூஜாவில் கொஞ்சம் வெதுவெதுப்பான சாற்றை ஊற்றி, அதில் ஒரு கரண்டி ஈஸ்ட்டைக் கலந்து மேசைமேல் வைத்தாள். உயிர் இருந்தால் இரண்டு மணி நேரத்தில் நுரைத்துக்கொண்டு வரும்.

பத்து மணிக்கு ஜைல்ஸ் அலுவலகத்திலிருந்து இறங்கி வந்தான். கழுத்தில் டை, கைகளில் தோல் கையுறை. கூஜாவைக் குனிந்து பார்த்தான்.

"பொங்கலியா?"

"இன்னும் நேரம் இருக்கு."

"எட்டு மணியிலேருந்து இதையேதான் சொல்றியாம். பசங்க பேசிக்கிறாங்க."

"பசங்களுக்கு வேலை இல்லைன்னா பீப்பாயைக் கழுவச் சொல்லு."

ஜைல்ஸ் கூஜாவை எடுத்து முகர்ந்து, முகத்தைச் சுளித்து, இருந்த இடத்திலேயே வைத்தான். மாட்டிறைச்சி வேகவைத்த தண்ணீரின் வாடை. ஈஸ்ட் அறையில் கற்பலகைத் தட்டுகளில் இருந்த ஈஸ்ட் மேல்பக்கம் பனிக்கட்டியாக உறைந்து, அடிப்பக்கம் பழுப்பு நிறத்தில் நீர் விட்டுக் கிடந்தது. ஹெஸ்டர் அதை விடிகாலையிலேயே பார்த்துவிட்டாள். பார்த்தும் நம்பாமல் இருந்தாள்.

"செத்துடுச்சுக்கா."

"தெரியுது."

"தெரிஞ்சுமா கொப்பரையை ஏத்தினே? உள்ள அவ்ளோ சாறு கொதிச்சுக்கிட்டு இருக்கு."

"பப்புல எல்லாம் பீப்பாய் காலியாகிட்டு வருது ஜைல்ஸ். இன்னைக்குப் போட்டாத்தான் நம்ம ஆளுங்களுக்கு ஊத்திக் குடுக்க இருக்கும். ஒரு நாள்கூட தள்ளிப்போட முடியாது."

"அதுக்குத்தான் சொல்றேன். ஆலையை விலைக்குக் கேட்ட லண்டன்காரர் திங்கக்கிழமை வர்றார். சரின்னு ஒரு வார்த்தை சொன்னா அவங்க கம்பெனி பீப்பாய் லாரியில வந்து இறங்கும். நம்ம பப்பு ஒண்ணுகூட மூட வேண்டாம்."

"அவங்க பீரை நம்ம பப்புல ஊத்தினா, அப்புறம் நம்ம பீரை எங்க கொண்டுபோய் ஊத்துறது? ஆத்துலயா?"

ஜைல்ஸ் கையுறையின் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்துச் சரிசெய்தான்.

ஹெஸ்டருக்கு அப்போது தம்பிமேல் கோபம் இல்லை. தன்மேல்தான் இருந்தது. அடுப்பை அணைத்த கை அவளுடையது. 'பெருசா' என்று கேட்ட வாயும் அவளுடையது. சாறு கொதித்து, ஆறி, சாயங்காலம் தொட்டிக்கு வந்துவிடும். இருட்டுவதற்குள் அதில் உயிருள்ள ஈஸ்ட் விழாவிட்டால் விடிவதற்குள் புளித்துப்போகும். அதோடு வாட்லோ பீரும் போனதுதான். அப்பாவோடு சேர்த்து ஆலையையும் புதைத்தவள் என்று அவளுக்குப் பெயர் நிலைத்துவிடும்.

"சாயங்காலத்துக்குள்ள ஈஸ்ட் கொண்டுவரேன்" என்றாள்.

"எங்கேருந்து? மலைப்பாதை ரெண்டும் பனியில மூடிக் கிடக்கு. தபால்காரனே வரலை. பாதையைத் திறக்க ஞாயித்துக்கிழமை ஆயிடுமாம்."

"ஆத்துக்கு அந்தப் பக்கம் இருக்கே."

ஜைல்ஸ் அவளையே பார்த்தான். "லயனல் சித்தப்பா கிட்டயா? அவரோட அண்ணன் செத்ததையே நாம அவருக்குச் சொல்லலை."

"அப்பா சொல்ல வேண்டாம்னார். எப்பவோ சொன்னார்."

"சொல்லாம இருந்துட்டு, இப்ப கையை நீட்டிக்கிட்டுப் போய் நிக்கப் போறியா?"

"ஈஸ்ட்னு கேட்டு வந்தா எந்த ஆலைக்காரனும் இல்லைன்னு சொல்லக் கூடாது. காசும் வாங்கக் கூடாது. இந்தப் பள்ளத்தாக்குல அதுதான் முறை."

"முறை பாத்துத்தானே இந்த நிலைமைக்கு வந்து நிக்கிறோம்" என்றான் ஜைல்ஸ்.

சுருக்கென்று இருந்தது. உண்மை என்பதால் அவள் அதைக் கேட்டுக்கொண்டாள்.

கேட்கப் போவதற்கும் ஒரு முறை உண்டு. வேலையாளை அனுப்பக் கூடாது. வீட்டு மனிதரே போக வேண்டும். பின்வாசல் வழியாகப் போகாமல் முன்வாசலில் நின்று, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கேட்க வேண்டும்.

"நீ போறியா ஜைல்ஸ்? நான் கொப்பரையைப் பாத்துக்கறேன்."

"நான் எதுக்குப் போகணும்? அடுப்பை அணைச்சது நீ."

*

ஆறு முழுக்க உறைந்திருந்தது. பால் கேன் ஒன்றைச் சறுக்குப் பலகையில் கட்டி இழுத்துக்கொண்டு ஹெஸ்டர் அதன்மேலேயே நடந்தாள். வெயில் இருந்தது, சூடு இல்லை. கரையோர நாணலெல்லாம் வெள்ளையடித்த குச்சிகளாக நின்றன.

லயனல் சித்தப்பாவை அவள் சந்தையில் தூரத்திலிருந்து பார்த்ததோடு சரி. அவளுக்கு ஏழு வயதானபோது அவர் வீட்டை விட்டுப் போனவர். அக்கரையில் ஓவர்லீ கிராமத்தில் டிம்மின்ஸ் ஆலைக்காரரின் மகள் மாடைக் கட்டிக்கொண்டு, அங்கேயே மாப்பிள்ளையாக இருந்து, மாமனார் போனபின் முதலாளியும் ஆனவர். ஏன் போனார் என்று கேட்டால் ஆம்ப்ரோஸ் கத்தியையும் முள்கரண்டியையும் தட்டில் வைத்துவிடுவார். அதற்குப் பிறகு யாரும் சாப்பிட முடியாது. எனவே யாரும் கேட்பதில்லை.

டிம்மின்ஸ் ஆலை முற்றத்தில் குட்டையான ஒரு மனிதர் தண்ணீர்க் குழாயில் படிந்த பனிக்கட்டியைச் சுத்தியலால் தட்டிக்கொண்டிருந்தார். வாயில் அணைந்த பைப். காது இரண்டும் அப்பாவின் காதுகள்.

ஹெஸ்டர் வாசலுக்கு வெளியிலேயே நின்று கம்பளித் தொப்பியைக் கழற்றினாள். குளிர் மண்டையில் ஏறியது.

"என்ன வேணும்?" என்றார் அவர், தட்டுவதை நிறுத்தாமல்.

"நான் ஹெஸ்டர் வாட்லோ..."

"யாருன்னு நான் கேக்கலை. உங்கப்பன் மூக்குதான் உன் முகத்துல உக்காந்திருக்கே. என்ன வேணும்னு கேட்டேன்."

"ஈஸ்ட் வேணும் சித்தப்பா."

சுத்தியல் நின்றது.

"அண்ணன் செத்துட்டான்னு சொல்ல வராத கால், ஈஸ்ட் கேக்க மட்டும் ஆத்தைத் தாண்டி வந்துடுச்சு" என்றார். "எனக்கு யார் சொன்னது தெரியுமா? முட்டை விக்கிறவன். 'உங்க அண்ணனுக்கு இன்னும் குழி வெட்டி முடிக்கலையாமே'ன்னு கேக்குறான். நான் என்ன பதில் சொல்ல? ரெண்டு டஜன் குடுன்னேன்."

"தப்புதான்."

"தப்புதான். உங்கப்பன் வேண்டாம்னிருப்பான்."

"ஆமா."

"நீயும் நல்ல பிள்ளையா கேட்டுக்கிட்டே."

முறைப்படி அவர் மறுக்க முடியாது. ஆனால் முறையை மீறினால் எந்த நீதிமன்றத்திலும் கேட்க முடியாது என்பதும் அவளுக்குத் தெரிந்தே இருந்தது.

"எப்படி ஆச்சு?" என்றார் லயனல்.

"விடியக்காலையிலதான். நெஞ்சு வலின்னு ரெண்டு நாள்..."

"அவனைக் கேக்கலை. ஈஸ்ட்டைக் கேக்கறேன். உங்கப்பன் எதை வேணா சாக விடுவான், அதைச் சாக விட மாட்டானே."

"அப்பாவை அடக்கம் பண்ற வரைக்கும் கொப்பரையை ஆற விட்டேன். மூணு வாரம் ஆயிடுச்சு."

லயனல் பைப்பை வாயிலிருந்து எடுத்தார். அவளை உற்றுப் பார்த்தார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு இருமலாக மாறி, கண்ணில் தண்ணீர் வந்து, குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

ஹெஸ்டருக்கு முகம் கொதித்தது. "எங்க அப்பா செத்திருக்கார் சித்தப்பா. இதுல சிரிக்க என்ன இருக்கு?"

மாடியில் ஒரு ஜன்னல் திறந்தது. "லயனல்! அந்தப் பொண்ணை வெறுந்தலையா நிக்க வெச்சு இளிச்சிக்கிட்டு இருக்கீங்களே, அறிவிருக்கா உங்களுக்கு? உள்ள கூட்டிட்டு வாங்க!"

"உன் சித்தி" என்றார் லயனல், கண்ணைத் துடைத்துக்கொண்டே. "வா. இல்லைன்னா எனக்குச் சாப்பாடு கிடையாது."

சமையலறையில் மாட் சித்தி ரொட்டியும் சீஸும் ஊறுகாய் வெங்காயமும் எடுத்து வைத்தாள். கொதிக்கக் கொதிக்கத் தேநீர். ஹெஸ்டர் கோபத்தோடே சாப்பிட்டாள். காலையிலிருந்து எதுவும் சாப்பிடவில்லை என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

"கொப்பரையை ஆற விடணும்னு உனக்கு யார் சொன்னது?" என்றார் லயனல்.

"அப்பாதான். தாத்தா செத்தப்ப நாலு நாள்..."

"நாலு நாளா?"

"நாலு நாள் ஆறிக் கிடந்துச்சுன்னு."

மாட் சித்தி தேநீர்க் கெண்டியைச் சத்தமில்லாமல் மேசையில் வைத்தாள். லயனல் மனைவியைப் பார்த்தார். பிறகு ஹெஸ்டரிடம் திரும்பினார்.

"எங்கப்பா செத்தது ஆகஸ்ட் மாசம். என்ன வெயில்! ஈஸ்ட் ரெண்டு நாள் தாங்காது. ராத்திரி உயிர் போச்சு. காலையில நான் கூடத்துல அவர் தலைமாட்டுல உக்காந்திருக்கேன். புகை வாசனை வருது. எங்கேருந்துன்னு பாத்தா, நம்ம புகைபோக்கி. உங்கப்பன் அடுப்பை மூட்டிட்டான்."

"அப்பாவா?"

"துக்கம் கேக்க வந்தவங்க மேல எல்லாம் மால்ட் வாசனை. பாதிரியார் ஜெபம் பண்றார், கீழே கொப்பரை குபுகுபுன்னு கொதிக்குது. நான் போய்க் கேட்டேன். 'அப்பா இருந்தா அவரே மூட்டச் சொல்லியிருப்பார்டா'ன்னான். ஓங்கி ஒரு அறை விட்டேன். அவனும் திருப்பிக் குடுத்தான். அடக்கம் முடிஞ்ச சாயங்காலம் துணிப்பெட்டியைத் தூக்கிக்கிட்டுக் கிளம்பிட்டேன்."

"ஊர்ல யாரும் இதைச் சொன்னதில்லையே."

"வேலையாளுங்களுக்குத் தெரியும். உங்கப்பன்கிட்டதானே கூலி வாங்கினாங்க? வாயைத் திறப்பாங்களா?"

"பொய் சொல்றீங்க" என்றாள் ஹெஸ்டர். சொல்லும்போதே அது பொய் இல்லை என்று தெரிந்தது. அப்பா கத்தியையும் முள்கரண்டியையும் கீழே வைக்கும் விதம் அவள் கண் முன்னால் வந்தது.

"நான் எதுக்குப் பொய் சொல்லணும்? செத்தவன் மேல எனக்கு என்ன வழக்கு?" லயனல் ரொட்டித் துணுக்கு ஒன்றை விரலால் உருட்டினார். "ஆறிக் கிடந்துச்சுன்னா சொன்னான்? உங்ககிட்டல்லாம்?"

"எல்லா ஞாயித்துக்கிழமையும்."

அவர் பைப்பை மேசைமேல் வைத்தார். பேசியபோது குரல் இறங்கியிருந்தது. "வெக்கப்பட்டிருக்கான். கழுதை. ஆத்தைத் தாண்டி வந்து என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

ஹெஸ்டருக்கு அழுகை வந்தது, கூடவே ஆத்திரமும் வந்தது. மூன்று வாரம் அவள் காவல் காத்தது ஒரு பொய்க்கு. அப்பா தன் வெட்கத்தை மூடி வைக்கப் பிடித்த திரையை, அவள் குல வழக்கம் என்று நம்பி ஈஸ்ட்டைச் சாக விட்டிருக்கிறாள். செத்தவரோடு சண்டையும் போட முடியாது. மிச்சத் தேநீரைக் குடித்து முடித்தாள்.

"வா" என்று எழுந்தார் லயனல்.

ஈஸ்ட் அறை சமையலறைக்குப் பின்னாலேயே இருந்தது. உறைந்துவிடாமல் இருக்க அடுப்புச் சுவரை ஒட்டிக் கட்டியிருந்தார். தட்டுகளில் ஈஸ்ட் வெண்ணெய் நிறத்தில் கெட்டியாகக் கிடந்தது. ஹெஸ்டர் குனிந்து முகர்ந்தாள். திரும்பவும் முகர்ந்தாள். ஆப்பிள் தோல் வாசனை, அடியில் மெல்லிய கசப்பு.

"இது..." என்றாள்.

"பரவாயில்லையே. மூக்கு மட்டும் இல்ல, மோப்பமும் இருக்கு" என்றார் லயனல். "இது உங்களோடதுதான். வீட்டை விட்டு வந்தப்ப பெட்டியில சட்டை பாதி, ஈஸ்ட் ஜாடி மீதி. அவன் மூட்டின கொப்பரையிலேருந்தே வழிச்சு எடுத்தேன். கோவம்! எங்கப்பாவை அவமானப்படுத்திப் பொங்க வெச்ச சரக்கு உனக்கு எதுக்குடான்னு. இங்க என் மாமனாரோட ஈஸ்ட் நோய் பிடிச்சுக் கிடந்துச்சு. இதைப் போட்டேன், ஆலை பிழைச்சுது. அப்புறம்தான் பொண்ணைக் குடுத்தார்."

"ஜாடிக்குத்தான் குடுத்தார். இவர் மூஞ்சிக்கு இல்ல" என்று சமையலறையிலிருந்து சித்தியின் குரல் வந்தது.

"அன்னைக்கு உங்கப்பன் அடுப்பை மூட்டலைன்னா எனக்குக் கோவம் வந்திருக்காது. கோவம் வரலைன்னா இது ஆத்தைத் தாண்டியிருக்காது. இன்னைக்கு நீயும் வெறும் கேனோட திரும்பிப் போயிருப்பே" என்றார் லயனல். "அவன் எங்கப்பாவுக்குச் செய்யாததை நீ அவனுக்குச் செஞ்சிருக்கே. அதான் சிரிச்சேன். தப்பா எடுத்துக்காதே."

கேனில் ஈஸ்ட்டை மரக்கரண்டியால் அள்ளிப் போட்டார். பாதியில் கை நின்றது.

"ஒண்ணு மட்டும் இடிக்குது. ஆம்ப்ரோஸ் பொய் சொல்வான், ஆனா முட்டாள் இல்ல. பூமி இறுகிக் கிடக்கறது அவனுக்குத் தெரியும். குழி வெட்ட முடியாதுன்னும் தெரியும். அந்தப் பொய்யை நீங்க நம்பிக்கிட்டு அடுப்பை அணைப்பீங்கன்னும் தெரியும். போறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை சொல்லாமலா போயிருப்பான்? கடைசியில யார் பக்கத்துல இருந்தீங்க?"

"ஜைல்ஸ்" என்றாள் ஹெஸ்டர். "ஆலையில குழாய் வெடிச்சுடுச்சு. நான் அங்க போயிட்டேன்."

லயனல் கேனை நிரப்பி மூடியை இறுக்கினார். ஆணியில் மாட்டியிருந்த தன் ஓவர்கோட்டை எடுத்து கேனுக்குப் போர்த்தி, குழந்தையைச் சுற்றுவதுபோல் சுற்றிக் கட்டினார்.

"கோட்டை அனுப்ப வேண்டாம். ஞாயித்துக்கிழமை நானே வந்து வாங்கிக்கறேன். அவன் குழிமேட்டையும் பாக்கணும்."

*

ஹெஸ்டர் திரும்பியபோது சூரியன் மலை முகட்டைத் தொட்டுக்கொண்டிருந்தது. ஆற்றின் நடுவிலிருந்தே ஆலைப் புகைபோக்கி தெரிந்தது. புகை மெலிந்திருந்தது. சாறு இறங்கிவிட்டது என்று அர்த்தம்.

ஜைல்ஸ் தொட்டி அறையில் தனியாக இருந்தான். கோட்டைக் கழற்றி, சட்டைக் கையை மடித்துவிட்டு, வெப்பமானியைச் சாற்றில் விட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு நிமிடம் அவளுக்கு எல்லாம் மறந்துபோனது. சரியான சூட்டில் ஆறவைத்திருந்தான். அவளே செய்திருந்தாலும் இதற்கு மேல் செய்திருக்க முடியாது.

"குடுத்துட்டாரா?" என்றான். கோட்டுச் சுருணையைப் பார்த்தான். "நிஜமாவே குடுத்துட்டாரா?"

"குடுத்துட்டார்."

கேனைத் தொட்டியின் விளிம்பில் வைத்தாள். மூடியைத் திறக்கவில்லை.

"ஜைல்ஸ், அப்பா கடைசியா உன்கிட்ட என்ன சொன்னார்?"

"அதான் சொன்னேனே அன்னைக்கே. பிரார்த்தனை சொன்னார், அம்மா பேரைச் சொன்னார்..."

"கொப்பரையைப் பத்தி?"

ஜைல்ஸ் வெப்பமானியைத் துணியால் துடைத்தான். துடைத்ததையே மறுபடி துடைத்தான். அவன் சின்ன வயதில் பூந்தொட்டியை உடைத்துவிட்டு இப்படித்தான் கையைத் துடைத்துக்கொண்டு நிற்பான்.

"'அடுப்பை அணைக்க விடாதே'ன்னார்" என்றான் கடைசியில். "'அக்காகிட்ட சொல்லு. நான் எங்கப்பாவுக்கு அணைக்கலை'ன்னார். ரெண்டு தடவை சொன்னார்."

"நீ சொல்லலை."

"ஈஸ்ட் என்ன ஆகும்னு கேட்டேன்ல?"

"கேட்டே. சொல்லலை."

"ஆமா. சொல்லலை." அவன் குரல் உயர்ந்தது. "ஒரே ஒரு தடவை கேட்டுப் பாப்போம், நீ காதுல வாங்கலைன்னா விட்டுடுவோம்னு நினைச்சேன். நீ கேக்கலை. எனக்கு நிம்மதியா இருந்துச்சு. போதுமா?"

"ஏன்டா?"

"எனக்கு இந்த வாசனை பிடிக்காதுக்கா. இந்த வீட்ல யாருக்காவது அது தெரியுமா? ஸ்கூல்ல என் சட்டையை மோந்து பாத்து 'பீப்பாய், பீப்பாய்'னு கூப்பிடுவானுங்க. ஆலை வேணும்னு ஆசைப்பட்டது நீ. அப்பா ஆளுக்குப் பாதின்னு எழுதினார். விக்கலாம்னா நீ ஒத்துக்க மாட்டே. நான் வித்துட்டேன்னு ஊர் காறித் துப்பும். அதுவா செத்துப்போச்சுன்னா யாரும் யாரையும் குறை சொல்ல வேண்டாம் பாரு."

"என்னைச் சொல்லியிருப்பாங்க."

ஜைல்ஸ் அவளைப் பார்த்தான். அந்தக் கணக்கை அவன் போட்டுப் பார்த்திருக்கவில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது.

ஹெஸ்டருக்குக் கத்த வேண்டும் போல இருந்தது. சித்தப்பா அப்பாவுக்கு விட்ட அறை நினைவுக்கு வந்தது. ஒரு அறைக்கு முப்பத்திரண்டு வருடம் ஆற்றின் இரு கரையிலும் இருவர் தனித்தனியாக உட்கார்ந்திருந்தார்கள். கையைக் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டாள்.

"மூடியைத் திற" என்றாள்.

"நானா?"

"திறந்து ஊத்து. உன் பாதியும் இதுல இருக்கு. வேணாம்னா சாக்கடை அந்தப் பக்கம். நான் கையைப் பிடிக்க மாட்டேன்."

ஜைல்ஸ் கேனைத் தூக்கினான். கனமாக இருந்தது. கொஞ்ச நேரம் தூக்கியபடியே நின்றான். வெளியே யாரோ பீப்பாய் உருட்டும் சத்தம் கேட்டது. பிறகு கேனைத் தொட்டியின் பக்கம் சாய்த்தான். ஈஸ்ட் கெட்டியாக, தயங்கித் தயங்கி, கருத்த சாற்றின்மேல் விழுந்து விரிந்தது. அடியில் ஒட்டியிருந்ததை யாரும் சொல்லாமலே கையை விட்டு வழித்துப் போட்டான். அவன் சட்டைக் கை முழுக்க அந்த வாசனை ஏறியது.

இருவரும் தொட்டியைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். காலைக்குள் பொங்கிவிடும். ஞாயிற்றுக்கிழமை கழிந்தால் திங்கட்கிழமை வரும், லண்டன்காரரும் வருவார் என்பது இருவருக்கும் நினைவில் இருந்தது.

"சித்தப்பாவுக்குத் தெரியுமா?" என்றான் ஜைல்ஸ்.

"சந்தேகப்படறார். ஞாயித்துக்கிழமை வர்றார்."

"நீ சொல்லப் போறியா?"

"இல்ல. நீ சொல்லப் போறே" என்றாள் ஹெஸ்டர். "முன்வாசல்ல நின்னு. தொப்பியைக் கழட்டிக் கையில வெச்சுக்கிட்டு."